அரசுக் கட்டுமான ஒப்பந்தம் பாதியில் ரத்தானால்: ஒப்பந்ததாரர்கள் கேட்கும் கேள்விகள்

பாலம், பள்ளிக் கட்டடம், சாலை, குடிநீர்க் குழாய் என்று எந்த வேலையானாலும், அரசுத் துறை பாதியில் ஒப்பந்தத்தை முறித்துவிட்டால் ஒப்பந்ததாரர்களுக்கு வரும் சந்தேகங்கள் பெரும்பாலும் ஒன்றேதான். இந்த வழக்குகளுக்கான பில், அளவு, கடிதங்களைத் தொகுத்துக் கோரிக்கை மனு தயாரிப்பது என் வேலை. அடிக்கடி காதில் விழுந்த கேள்விகளை, கேட்டவர்கள் கேட்ட மாதிரியே இங்கே சேர்த்திருக்கிறேன். இது இந்தியச் சட்டப்படியான பொது விளக்கம். உங்கள் ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறது என்பதை வைத்தே எதுவும் முடிவாகும் என்பதால், அதைக் கையில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

"ரத்து செய்யப்படுகிறது"ன்னு லெட்டர் வந்துருச்சு. அதோட எல்லாம் முடிஞ்சுதா?

வேலை நின்றுவிட்டது, கணக்கு முடியவில்லை. செய்த வேலைக்கான பணம், பில்லில் பிடித்த தொகை, சைட்டில் கிடக்கும் பொருள், இரு தரப்பும் கேட்கக்கூடிய நஷ்ட ஈடு எல்லாமே இன்னும் பாக்கி இருக்கின்றன. ஒப்பந்தம் ரத்தானதால் அதிலுள்ள நடுவர் ஷரத்தும் (தகராறை நீதிமன்றத்துக்குப் பதிலாக நடுவர் தீர்க்கும் "ஆர்பிட்ரேஷன்" ஷரத்து) போய்விடாது. 1996ஆம் ஆண்டின் நடுவர் மற்றும் சமரசச் சட்டம் அந்த ஷரத்தைத் தனி ஒப்பந்தமாகவே பார்க்கிறது.

முதல்ல என்ன செய்யணும்? நேரா வக்கீல்கிட்ட போகலாமா?

போகலாம், ஆனால் அதற்கு முன்னால் சைட்டுக்குப் போங்கள். ரத்து உத்தரவிலேயே, அல்லது அடுத்த சில நாட்களில் வரும் கடிதத்தில், கூட்டாக அளவெடுக்கும் தேதி இருக்கும். வராவிட்டால் துறை எடுக்கும் அளவே இறுதி என்றும் எழுதியிருப்பார்கள். கோபத்தில் பலர் அன்றைக்குப் போவதில்லை. இந்த வழக்குகளில் நான் பார்த்த மிகப் பெரிய இழப்பு அங்கேதான் நடக்கிறது. மண்ணுக்குள் போன அடித்தளத்தையும் குழாயையும் பிறகு யாரும் தோண்டி அளக்கப் போவதில்லை. அடுத்த ஒப்பந்ததாரர் மேலே கட்ட ஆரம்பித்துவிட்டால் எது உங்கள் வேலை, எது அவர் வேலை என்று பிரிக்கவே முடியாது.

தூண் எந்த உயரம் வரை நிற்கிறது, கம்பி கட்டிக் கான்கிரீட் போடாத இடங்கள் எவை, சென்ட்ரிங் எங்கெல்லாம் பிரிக்கப்படாமல் இருக்கிறது, விட்டம் வாரியாகக் கம்பி எத்தனை டன் அடுக்கியிருக்கிறது, ஜல்லியும் மணலும் எவ்வளவு, என்னென்ன இயந்திரங்கள் நிற்கின்றன என்று எல்லாவற்றையும் குறியுங்கள். தேதி தெரிகிற மாதிரி படமும் வீடியோவும் எடுங்கள். துறையின் அளவு தவறு என்று பட்டால் "ஆட்சேபத்துடன்" என்று எழுதிக் கையெழுத்திட்டு, எந்த அளவில் என்ன ஆட்சேபம் என்று அன்றைக்கே கடிதம் அனுப்புங்கள். எம்-புக் (துறையின் அளவுப் பதிவேடு) நகல் தர மறுத்தால் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் விண்ணப்பிக்கலாம். 30 நாட்களுக்குள் பதில் தர வேண்டும்.

அப்புறம், ரத்து உத்தரவில் சொல்லியிருக்கும் காரணங்கள் ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகப் பதில் எழுதுங்கள். பதில் சொல்லாத குற்றச்சாட்டை ஒப்புக்கொண்டதாகப் பின்னால் வாதிடுவார்கள்.

துறை நினைச்ச நேரத்துல ரத்து செய்ய முடியுமா?

முடியாது. ஒப்பந்தத்தில் சொன்ன காரணம் இருக்க வேண்டும், சொன்ன படிகளைத் தாண்டியிருக்க வேண்டும். ரயில்வேயின் பொது ஒப்பந்த நிபந்தனைகளில் 62-வது ஷரத்தைப் பாருங்கள்: முதலில் 7 நாள் நோட்டீஸ், சரிசெய்யாவிட்டால் 48 மணி நேர நோட்டீஸ், அதற்குப் பிறகுதான் ரத்து. இப்படி ஒரு படியைத் தாண்டிக் குதித்திருந்தால் ரத்தின் அடித்தளமே ஆட்டம் காணும். அதனால் நோட்டீஸ் எந்தத் தேதியில் புறப்பட்டது, எந்தத் தேதியில் உங்கள் கைக்கு வந்தது என்று தபால் உறையோடு சேர்த்து வைத்திருங்கள்.

தாமதம் எங்களால இல்லீங்க. இடத்தையே முழுசா ஒப்படைக்கலை. அதை எப்படிச் சொல்றது?

இப்போது சொல்வதைவிட அப்போது எழுதியதற்குத்தான் மதிப்பு. மத்தியப் பொதுப்பணித் துறை மாதிரியான இடங்களில் தடைப் பதிவேடு என்று ஒன்று இருக்கும். வேலை எப்போது, எதனால் நின்றது, எப்போது தடை நீங்கியது என்று இரு தரப்பும் கையெழுத்திடும் பதிவு அது. அதில் ஏற்றவில்லை என்றால் உங்கள் கடிதங்களே சாட்சி.

அந்தக் கடிதம் எப்படி இருக்கிறது என்பது முக்கியம். "நிலம் தரப்படவில்லை, அவகாசம் தரவும்" என்ற ஒற்றை வரியால் பெரிய பயன் இல்லை. "1.2 கி.மீ. முதல் 1.9 கி.மீ. வரை ஆக்கிரமிப்பு அகற்றப்படாததால் மார்ச் 4 முதல் வேலை நிற்கிறது, ஒரு எக்ஸ்கவேட்டரும் இரண்டு ரோலர்களும் சும்மா நிற்கின்றன, பத்தாம் எண் வரைபடமும் இன்னும் வரவில்லை" என்று எழுதினால் இடம், நாள், நஷ்டம் மூன்றும் பதிவாகிவிடுகின்றன. மின்கம்பம் மாற்றாதது, மரம் வெட்ட அனுமதி வராதது, வரைபடம் தாமதமானது, பில் நிலுவை என்று ஒவ்வொன்றுக்கும் தனிக் கடிதம் போடுங்கள். அதிகாரியோடு உறவு கெட்டுவிடும் என்று தயங்குகிறவர்கள் அதிகம். மரியாதையாக எழுதிய கடிதத்தால் உறவு கெட்டு நான் பார்த்ததில்லை.

சட்டம் இதில் உங்கள் பக்கம் நிற்கிறது. ஒரு தரப்பு தன் பங்கைச் செய்யாமல் அடுத்தவரைத் தடுத்தால், தடுக்கப்பட்டவருக்கு ஒப்பந்தத்திலிருந்து விலகவும் இழப்பீடு கேட்கவும் உரிமை உண்டு என்கிறது 1872ஆம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 53-வது பிரிவு.

கெடு முடிஞ்ச பிறகும் வேலை செய்ய விட்டாங்க. அப்புறம் திடீர்னு "கெடு தாண்டிட்டீங்க"ன்னு ரத்து பண்றாங்க. இது சரியா?

பெரும்பாலும் சரியல்ல. இதற்கு உச்ச நீதிமன்றத்தின் 1979ஆம் ஆண்டு ஹிந்த் கன்ஸ்ட்ரக்‌ஷன் தீர்ப்பை எல்லோரும் காட்டுவார்கள். மகாராஷ்டிரத்தில் ஒரு நீர்ப்பாலம் கட்டும் ஒப்பந்தம் அது. அவகாச நீட்டிப்புக்கும் தாமத அபராதத்துக்கும் ஷரத்து வைத்துவிட்டால், "காலமே இந்த ஒப்பந்தத்தின் உயிர்" என்று எழுதியிருந்தாலும் அது அப்படியே செல்லாது என்று நீதிமன்றம் சொன்னது. அப்படிப்பட்ட நிலையில், இன்ன தேதிக்குள் முடி என்று நியாயமான புதுக் கெடு கொடுத்து நோட்டீஸ் விட்ட பிறகே முறிக்க முடியும்.

அவகாசம் கொடுத்த கடிதத்தில் "அபராதம் விதிக்கும் உரிமைக்குப் பாதகமின்றி" என்று ஒரு வரி இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால், தாமதத்துக்கான இழப்பீட்டைப் பிறகு கேட்கும் கதவைத் துறை திறந்து வைத்திருக்கிறது என்று பொருள்.

பில் பணம் வரலைன்னு வேலையை நிறுத்தினோம். அதையே காரணமாக்கி ரத்து பண்ணிட்டாங்க.

இது ஆபத்தான இடம். பணம் வராவிட்டால் வேலையை நிறுத்தலாம் என்ற ஷரத்து பெரும்பாலான அரசு ஒப்பந்தங்களில் கிடையாது. எந்த பில், எவ்வளவு, எத்தனை நாளாக நிலுவை, இன்ன தேதிக்குள் வராவிட்டால் தொடர முடியாது என்று முன்கூட்டியே எழுத்தில் சொல்லியிருந்தால் உங்கள் தரப்பு நிற்கும். ஆட்களைச் சத்தமில்லாமல் வெளியே அனுப்பியிருந்தால் அதை "வேலையைக் கைவிட்டார்" என்றுதான் பதிவு செய்வார்கள்.

தப்பு எங்க மேலதான்னு செயற்பொறியாளரே முடிவு பண்ணிட்டார். ஒப்பந்தத்துல "அவர் முடிவே இறுதி"ன்னு வேற இருக்கு.

அந்த வரியைப் பார்த்துப் பயந்து ஒதுங்கிவிடாதீர்கள். ஒப்பந்தத்தின் ஒரு தரப்பே தன் வழக்குக்குத் தானே நீதிபதியாக இருக்க முடியாது என்று 1987ஆம் ஆண்டு ராமேஸ்வரா ரைஸ் மில்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒப்பந்த மீறல் நடந்ததை நீங்களே ஒப்புக்கொண்டிருந்தால் அதிகாரி தொகையைக் கணக்கிடலாம். மீறவே இல்லை என்று நீங்கள் மறுக்கும்போது அதை வேறொருவர்தான் தீர்மானிக்க வேண்டும்.

2011ஆம் ஆண்டு ஜே.ஜி. இன்ஜினியர்ஸ் தீர்ப்பு இதைக் கட்டுமான ஒப்பந்தத்துக்கே நேராகப் பொருத்தியது. அபராதம் எவ்வளவு என்பது அதிகாரியின் முடிவாக இருக்கலாம். தாமதத்துக்குக் காரணம் யார் என்பது நடுவர் விசாரிக்க வேண்டிய கேள்வி. ரத்து தவறு என்று முடிவானால், அதைத் தொட்டு எழுந்த அபராதமும் மீதி வேலைச் செலவும் தாமாகவே விழுந்துவிடும்.

கோர்ட்ல ஸ்டே வாங்கி வேலையைத் திரும்ப வாங்கிடலாமா?

அந்த நம்பிக்கையில் மாதங்களைச் செலவழிக்காதீர்கள் என்றுதான் சொல்வேன். தனிநிலைத் தீர்வுச் சட்டத்தில் 2018-இல் சேர்க்கப்பட்ட 20ஏ பிரிவு, சாலை, மின்சாரம், குடிநீர் மாதிரியான உள்கட்டமைப்புத் திட்டங்களைத் தாமதப்படுத்தும் தடை உத்தரவுகளுக்கு இடம் தருவதில்லை. ஒரு தரப்பு முடித்துக்கொள்ளக்கூடிய ஒப்பந்தத்தைக் கட்டாயப்படுத்தி நிறைவேற்றச் சொல்லவும் அதே சட்டத்தின் 14-வது பிரிவு தடையாக நிற்கிறது. ரத்து தவறென்றால் அதற்குப் பரிகாரம் பணம் என்பதே நீதிமன்றங்களின் பொதுவான பார்வை.

ஆனால் நீதிமன்றத்தில் கேட்கக்கூடிய சின்ன உதவிகள் உண்டு. அடுத்த டெண்டர்காரர் இறங்குவதற்கு முன்னால் வழக்கறிஞர் ஆணையரை அனுப்பி அளவெடுக்கச் சொல்வது, உங்கள் இயந்திரங்களை வெளியே எடுக்க அனுமதி கேட்பது போன்றவை கிடைக்க வாய்ப்பு அதிகம். நடுவர் சட்டத்தின் 9-வது பிரிவில் இப்படி இடைக்கால உத்தரவு வாங்கினால், 90 நாட்களுக்குள் நடுவர் நடவடிக்கையைத் தொடங்கியாக வேண்டும்.

பேங்க் கியாரண்டியை உடைக்கப் போறாங்க. அதையாவது தடுக்க முடியுமா?

நிபந்தனையற்ற உத்தரவாதம் என்றால் மிகக் கடினம். கேட்டவுடன் தர வேண்டியது வங்கியின் கடமை. உங்களுக்கும் துறைக்கும் உள்ள தகராறு வங்கிக்குச் சம்பந்தமில்லாதது. அப்பட்டமான மோசடி, அல்லது பின்னால் ஈடுகட்டவே முடியாத அநீதி என்ற இரண்டு காரணங்களுக்காகத்தான் நீதிமன்றம் தலையிடும். இரண்டையும் நிரூபிப்பது அபூர்வம்.

அதற்காக உத்தரவாதப் பத்திரத்தைப் படிக்காமல் விட்டுவிடாதீர்கள். 1999-இல் பீகார் அரசுக்கு எதிரான ஒரு வழக்கில், உத்தரவாதம் தலைமைப் பொறியாளர் பெயரில் இருந்தது. பணம் கேட்டு எழுதியவரோ செயற்பொறியாளர். பத்திரத்தில் சொன்னபடி கேட்கவில்லை என்று உச்ச நீதிமன்றம் அந்தக் கோரிக்கையை ஏற்கவில்லை. யார் கேட்க வேண்டும், எந்த வாசகத்தில், எந்தத் தேதிக்குள், எந்தக் கிளையில் என்று நான்கையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.

டெபாசிட் மொத்தத்தையும் பறிமுதல் பண்ணிட்டாங்க. திரும்ப வருமா?

ரத்து தவறென்று முடிவானால் வரும். ரத்து சரி என்றாலும்கூட முழுவதும் துறைக்கே என்று ஆகிவிடாது. ஒப்பந்தச் சட்டத்தின் 74-வது பிரிவுப்படி, எழுதியிருக்கும் தொகை உச்சவரம்பு மட்டும்தான். அதற்குள் நியாயமான இழப்பீடுதான் கிடைக்கும். ராணுவத்துக்கு உருளைக்கிழங்கும் கோழியும் முட்டையும் வழங்க ஒப்புக்கொண்ட மௌலா பக்ஸ் என்பவரின் டெபாசிட் தொகைகளை அரசு பறித்தபோது, நஷ்டத்தை நிரூபிக்கவில்லை என்று சொல்லி உச்ச நீதிமன்றம் 1969-இல் திருப்பித் தரவைத்தது. 2015ஆம் ஆண்டு கைலாஷ் நாத் தீர்ப்பும் இதையே இன்னும் தெளிவாகச் சொல்கிறது: நஷ்டமே இல்லாத இடத்தில் இழப்பீடும் இல்லை. கணக்கிட முடிகிற நஷ்டம் என்றால் அதை நிரூபித்தாக வேண்டும்.

டெண்டர் போடும்போது கட்டும் ஈஎம்டி (முன்வைப்புத் தொகை) வேறு. டெண்டரை ஏற்ற பிறகு பின்வாங்கியதற்காக அதைப் பறிப்பதை நீதிமன்றங்கள் பொதுவாக ஏற்கின்றன.

மீதி வேலையை வேற ஆளுக்கு அதிக ரேட்டுக்குக் கொடுத்துட்டு வித்தியாசத்தை எங்ககிட்ட கேக்கிறாங்க.

"ரிஸ்க் அண்ட் காஸ்ட்" என்பது இதுதான். முதலில் உங்கள் ஒப்பந்தத்தில் இதற்கு ஷரத்து இருக்கிறதா என்று பாருங்கள். ரயில்வேயின் நிபந்தனைகளில், ரத்தான பிறகு மீதி வேலையைப் பழைய ஒப்பந்ததாரர் செலவில் இல்லாமல் தனியாகவே செய்துகொள்வதாக இருக்கிறது. உத்தரவாதமும் டெபாசிட்டும் போவதோடு சரி.

ஷரத்து இருந்தால் அடுத்து மறு டெண்டரின் அளவுப் பட்டியலை வரிக்கு வரி ஒப்பிடுங்கள். புது அயிட்டம் சேர்த்திருக்கிறார்களா, கான்கிரீட் தரத்தை உயர்த்தியிருக்கிறார்களா, அளவு கூடியிருக்கிறதா? அதே வேலை, அதே நிபந்தனை, நியாயமான காலத்துக்குள் என்றால்தான் வித்தியாசத்தைக் கேட்க முடியும். வருஷக்கணக்கில் சும்மா இருந்துவிட்டு விலையேற்றத்தையும் சேர்த்துக் கேட்டால் ஒப்பந்தச் சட்டத்தின் 73-வது பிரிவு குறுக்கே வரும். நஷ்டத்தைக் குறைக்கத் தன்னால் முடிந்ததைச் செய்தாரா என்று அது கேட்கிறது. இந்த ஒப்பீட்டு அட்டவணை ஒன்றாலேயே கோரிக்கை பாதியாகக் குறைவதைப் பார்த்திருக்கிறேன்.

ரத்து தப்புன்னு ஜெயிச்சா என்னென்ன கிடைக்கும்? லாபம் போனதுக்கும் கேக்கலாமா?

செய்த வேலையின் பணம், டெபாசிட், சைட்டில் விட்ட பொருளின் விலை, சும்மா நின்ற இயந்திரங்களுக்கும் ஆட்களுக்கும் ஆன செலவு, வட்டி ஆகியவற்றோடு, மீதி வேலையில் வந்திருக்கக்கூடிய லாபத்தையும் கேட்கலாம். 1984ஆம் ஆண்டு பிரிஜ் பால் சிங் வழக்கு ராஜ்கோட்–ஜாம்நகர் சாலை வேலை பற்றியது. செய்யவிடாத மீதி வேலையின் மதிப்பில் 15 சதவீதத்தை லாப இழப்பாக உச்ச நீதிமன்றம் அதில் ஏற்றது.

அதற்காக 15 சதவீதம் தானாகக் கிடைத்துவிடும் என்று எண்ண வேண்டாம். வேலை இழுத்தடித்ததால் வேறு வேலைகளின் லாபம் போயிற்று என்று கேட்டால் இன்னும் கடினம். எந்த வேலை கைநழுவியது என்று ஆதாரம் காட்டச் சொல்கிறது 2023ஆம் ஆண்டு யூனிப்ரோஸ் தீர்ப்பு. வட்டிக்கும் ஒப்பந்தத்தைப் பாருங்கள். வட்டி கிடையாது என்ற ஷரத்து இருந்தால் தீர்ப்புக்கு முந்தைய காலத்துக்கு நடுவரால் வட்டி தர முடியாது.

ரிட், ஆர்பிட்ரேஷன், சிவில் கோர்ட் — எதுக்குப் போகணும்?

நடுவர் ஷரத்து இருந்தால் நடுவரிடம்தான். இல்லாவிட்டால் சிவில் வழக்கு. மத்திய நிதியமைச்சகம் 2024 ஜூனில் வெளியிட்ட வழிகாட்டுதல், 10 கோடி ரூபாய்க்குக் குறைவான தகராறுகளோடு நடுவர் முறையை நிறுத்திக்கொள்ளச் சொல்வதால், புது ஒப்பந்தங்களில் இந்த ஷரத்து இருக்கிறதா என்று டெண்டர் போடும்போதே பாருங்கள். மத்தியப் பிரதேசம், குஜராத் போன்ற மாநிலங்களில் அரசுக் கட்டுமான வேலைகளுக்கென்றே தனித் தீர்ப்பாயம் உண்டு.

அரசின் மேல் சிவில் வழக்கு என்றால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80-வது பிரிவில் இரண்டு மாத நோட்டீஸ் வேண்டும். மதிப்பு 3 லட்சம் ரூபாய்க்குக் குறையாவிட்டால் வணிக நீதிமன்றம். அவசர உத்தரவு கேட்கவில்லை என்றால் அங்கே முதலில் சமரசப் பேச்சுக்குப் போயாக வேண்டும்.

ரிட் மனு, அதாவது அரசின் உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனு, அரிதான வழி. அளவு, தாமதம், தரம் என்று சாட்சி விசாரிக்க வேண்டிய விஷயங்களை உயர் நீதிமன்றம் தொடாது. விளக்கம் கேட்காமலே ரத்து, வெளி அழுத்தத்தால் ரத்து என்று உத்தரவின் முகத்திலேயே தன்னிச்சை தெரிந்தால் தலையிடும். கொல்கத்தாவில் இரண்டு சுரங்கப்பாதைகளைப் பராமரிக்கும் ஒப்பந்தத்தை ரத்து செய்ததை 2024-இல் உச்ச நீதிமன்றம் அந்த வகையில்தான் நீக்கியது.

நடுவரா அவங்க துறை ஆளையே போடுறாங்களே?

2015ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு துறையின் ஊழியர் நடுவராக முடியாது. தகராறு எழுந்த பின் நீங்களே எழுத்தில் ஒப்புக்கொண்டால் மட்டும் விதிவிலக்கு, ஆகவே எதில் கையெழுத்திடுகிறீர்கள் என்று கவனியுங்கள். துறை மட்டும் தன்னிச்சையாக நடுவரை நியமிக்கும் ஷரத்தும் சமத்துவத்துக்கு எதிரானது என்று 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. நியமனத்துக்கு உயர் நீதிமன்றத்தில் நடுவர் சட்டத்தின் 11-வது பிரிவில் மனு போடலாம்.

எவ்வளவு நாளைக்குள்ள கேக்கணும்? பேச்சுவார்த்தை இன்னும் நடந்துகிட்டுத்தான் இருக்கு.

பொதுவாக மூன்று வருடம். பேச்சுவார்த்தையும் நினைவூட்டல் கடிதங்களும் அதை நீட்டிக்காது. கெடு முடிவதற்குள் துறை எழுத்துமூலம் பாக்கியை ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டால் மட்டும் அன்றிலிருந்து புதிதாக ஓடும். "பார்த்துக்கலாம், ஃபைல் மேலே போயிருக்கு" என்ற வார்த்தையை நம்பி மூன்றாம் வருடத்தைத் தாண்டியவர்களைப் பார்க்கும்போது மனம் கனக்கிறது. நியாயமான கோரிக்கைகள் அப்படியே செத்துப்போகின்றன. நடுவர் ஷரத்து இருந்தால், தகராறை நடுவருக்கு அனுப்பக் கோரும் உங்கள் நோட்டீஸ் எதிர்த்தரப்புக்குக் கிடைத்த நாளே தொடக்க நாள். அதை இன்றைக்கே அனுப்பிவிட்டுப் பேச்சைத் தொடருங்கள்.

ரத்தோட சேர்த்துக் கறுப்புப் பட்டியல்லயும் போட்டுட்டாங்க.

இதற்குத் தனி நோட்டீஸ் வேண்டும். ரத்து பற்றிய நோட்டீசில் கறுப்புப் பட்டியல் பற்றிப் பேச்சே இல்லாமல் தண்டனையாகச் சேர்த்தால் நிற்காது என்று 2014ஆம் ஆண்டு கோர்க்கா செக்யூரிட்டி வழக்கில் முடிவானது. காலவரையின்றித் தடை செய்வதும் ஆகாது. மேலே ரிட் அரிது என்று சொன்னேன், ஆனால் இந்த விஷயத்தில் ரிட் மனுதான் வழக்கமான, வேகமான வழி. தாமதிக்காதீர்கள், ஒவ்வொரு மாதமும் டெண்டர்கள் கைநழுவும்.

ஏஇ (உதவிப் பொறியாளர்) வாயால சொன்ன கூடுதல் வேலைக்கு எழுத்து எதுவும் இல்லை. போனது போனதுதானா?

கடினம், ஆனால் வழி இருக்கிறது. இலவசமாகச் செய்யும் எண்ணமில்லாமல் செய்த வேலையின் பலனை மற்றவர் அனுபவித்தால் ஈடு தர வேண்டும் என்கிறது ஒப்பந்தச் சட்டத்தின் 70-வது பிரிவு. அரசுக்கும் அது பொருந்தும். வேலை நடந்தது, துறை அதைப் பயன்படுத்துகிறது என்ற இரண்டையும் காட்ட எம்-புக், சைட் ஆர்டர் புத்தகம், படங்கள் உதவும்.

பணம் வேணும்னா "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை"ன்னு கையெழுத்துப் போடச் சொன்னாங்க. போட்டுட்டோம்.

நெருக்கடியில் வாங்கிய கையெழுத்து உங்களைக் கட்டாது. ஆனால் நெருக்கடி இருந்தது என்பதை நீங்கள்தான் காட்ட வேண்டும். பணம் வந்த உடனே, என்ன சூழ்நிலையில் கையெழுத்திட்டீர்கள் என்று ஆட்சேபக் கடிதம் அனுப்பியிருந்தால் நம்புவார்கள். இரண்டு வருடம் கழித்துச் சொன்னால் நம்ப மாட்டார்கள்.

நான் சப் காண்ட்ராக்டர். துறைகிட்ட நேரா கேக்கலாமா?

முடியாது. உங்கள் ஒப்பந்தம் மூல ஒப்பந்ததாரரோடு. அவரிடம்தான் கேட்க வேண்டும். தொழிலாளர் கூலி மட்டும் விதிவிலக்கு. ஒப்பந்ததாரர் தராவிட்டால் துறை தந்துவிட்டு அவர் கணக்கில் பிடிக்கும்.

ஜெயிச்சாச்சு, ஆனா துறை மேல்முறையீடு போயிருச்சு. இன்னும் காத்திருக்கணுமா?

நடுவர் தீர்ப்பை எதிர்த்து மனுப்போட மூன்று மாதமும், காரணம் காட்டினால் மேற்கொண்டு 30 நாளும்தான் உண்டு. மனுப்போட்டதாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. தனியாகத் தடை உத்தரவு வாங்க வேண்டும். மத்திய அரசுத் துறையென்றால் பொது நிதி விதிகளின் 227ஏ விதியை எடுத்துக்காட்டுங்கள். தீர்ப்பை எதிர்க்கும்போது தொகையில் 75 சதவீதத்தை வங்கி உத்தரவாதத்தின் பேரில் தர அது வழிசெய்கிறது. கேட்காமல் தருவது அரிது, எழுதிக் கேளுங்கள்.

உண்மையைச் சொன்னா, தாமதத்துல எங்க பக்கமும் கொஞ்சம் தப்பு இருக்கு. கேஸ் நிக்குமா?

பெரும்பாலான வழக்குகள் இப்படித்தான். செய்த வேலைக்கான பணம் யார் தவறு என்பதைப் பொறுத்ததல்ல. மற்றவற்றுக்கு, எத்தனை நாள் யாரால் போனது என்று நடுவர் பிரித்துப் பார்ப்பார். நான் எப்போதும் இரண்டு பத்தி அட்டவணை போடச் சொல்வேன்: இடப்பக்கம் துறையால் போன நாட்கள், வலப்பக்கம் நம்மால் போன நாட்கள், ஒவ்வொன்றுக்கும் எதிரே கடித எண்ணும் தேதியும். வலப்பக்கத்தைக் காலியாக விட்டால், ஆள் குறைவு என்று துறை அனுப்பிய பழைய நோட்டீஸ்களைக் குறுக்கு விசாரணையில் ஒவ்வொன்றாக எடுப்பார்கள். இடப்பக்கத்தின் மேலும் நம்பிக்கை போய்விடும். மழையால் போன நாட்களை இரண்டிலும் சேர்க்காமல் தனியாகக் காட்டுங்கள்.